சிவபுரத்தில் இரண்டு நடராஜர்: ஓர் அலரின் ஆய்வு

நடந்தது

1951இல், கும்பகோணத்தை அடுத்த சிவபுரத்தில், மண் வெட்டும்போது ஒரு நடராஜர் வெளியே வந்தார். கூடவே வேறு சில செப்புத் திருமேனிகளும் வந்தன. எங்கள் பக்கத்தில் இது அப்படியொன்றும் கேள்விப்படாத சங்கதி இல்லை. படையெடுப்புப் பயம் வந்த காலங்களில் சாமிகளை மண்ணுக்குள் இறக்கி மூடிவிட்டுப் போனார்கள். எங்கே புதைத்தோம் என்று தெரிந்தவர்கள் ஒவ்வொருவராகச் செத்துப்போனார்கள். பல நூறு வருஷம் கழித்து, கிணறு தோண்டுகிறவர் மண்வெட்டியிலும் கொல்லையைக் கொத்துகிறவர் கடப்பாரையிலும் அவை தட்டுப்படுகின்றன.

சிவபுரம் சம்பந்தரும் அப்பரும் பாடிய தலம். சிவகுருநாதர் கோயில். கிடைத்த திருமேனிகளை அரசு புதையல் சட்டப்படி எடுத்துக்கொண்டது, பிறகு கோயிலிடமே ஒப்படைத்தது. நடராஜர் பத்தாம் நூற்றாண்டுச் சோழர் காலத்து வார்ப்பு. இத்தனை காலம் மண்ணில் கிடந்த திருமேனிகளைப் பழுது பார்க்க வேண்டியிருந்தது. 1950களின் நடுவில் அவற்றை ஒரு ஸ்தபதியிடம் கொடுத்தார்கள். அவர் அதே அளவில், அதே தோற்றத்தில் புதிதாக வார்த்து, புதியவற்றைக் கோயிலுக்குத் திருப்பிக் கொடுத்தார். பழைய நடராஜர் பம்பாய்க்குப் போனார். அங்கே சேகரிப்பாளர்களிடம் கை மாறி, கடைசியில் நியூயார்க் வியாபாரி ஒருவரிடம் போய்ச் சேர்ந்தார்.

சிவபுரத்தில் புதிய நடராஜருக்குத் தீபாராதனை நடந்துகொண்டிருந்தது.

1965இல் டக்ளஸ் பாரெட் என்ற பிரிட்டிஷ் மியூசியம் அறிஞர், ஆரம்பகாலச் சோழர் செப்புத் திருமேனிகளைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். சிவபுரம் கோயிலில் இப்போது இருப்பது அசல் இல்லை, அது அண்மையில் செய்த நகல் என்று அதில் எழுதியிருந்தார். அச்சில் வந்த செய்தி. படித்தவர்களுக்குத் தெரியும். ஊர் அசையவில்லை.

1973இல் நார்ட்டன் சைமன் என்ற அமெரிக்கத் தொழிலதிபர், கலைச் சேகரிப்பாளர், பத்து லட்சம் டாலருக்கு நெருக்கமான விலையில் அந்த நடராஜரை வாங்கினார். அது கடத்தப்பட்டதா என்று நியூயார்க் டைம்ஸ் கேட்டபோது, ஆமாம், கடத்தப்பட்டதுதான், கடந்த இரண்டு வருஷத்தில் ஒன்றரைக் கோடி டாலருக்கு மேல் ஆசியக் கலைப்பொருள் வாங்கியிருக்கிறேன், அதில் பெரும்பாலும் கடத்தல் சரக்குதான் என்கிற பொருளில் அவர் சொன்னதாகச் செய்தி வந்தது. அதன் பிறகுதான் வெடித்தது. இந்திய அரசு வழக்குப் போட்டது. 1976இல் ஒரு சமரசம் ஏற்பட்டது: பத்து வருஷம் நடராஜர் கலிபோர்னியாவில் சைமன் மியூசியத்தில் இருக்கலாம், அப்புறம் இந்தியாவுக்குத் திரும்ப வேண்டும். 1986இல் திரும்பினார்.

இந்த நிகழ்வை நான் எடுத்துக்கொண்டதற்குக் காரணம் சிலைக் கடத்தல் இல்லை. அதைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். என்னை உறுத்துவது இதில் உள்ள இடைவெளி. தவறு நடந்தது 1950களில். வெளியே தெரிந்தது 1965இல். ஜனங்கள் அதிர்ந்தது 1973இல். தவறுதான் அதிர்ச்சியைத் தருகிறது என்றால், ஏறத்தாழ இருபது வருஷம் அந்த அதிர்ச்சி எங்கே இருந்தது?

மொட்டும் பூவும்

ஸ்கேண்டல் என்ற ஆங்கிலச் சொல்லுக்குத் தமிழில் நேர்ச்சொல் தேடினால் கை வழுக்குகிறது. பத்திரிகைகள் ஊழல் என்கின்றன. அதில் பணம் மட்டும்தான் இருக்கிறது. அவதூறு என்றால் பொய் என்று ஆகிவிடுகிறது. விவகாரம் என்றால் ஒன்றுமே சொல்லாதது போல. ஊரில் பேசுகிறவர்களிடம்தான் சரியான சொற்கள் இருக்கின்றன: சந்தி சிரிக்கிறது, நாறிப்போச்சு, ஊர் வாயில் விழுந்தாச்சு. இவற்றில் எதுவும் என்ன தப்பு நடந்தது என்பதைச் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். சந்தியும் ஊர் வாயும் பரவும் நாற்றமும்தான் இருக்கின்றன. அதாவது செய்தி வந்து சேர்ந்த இடம்தான் இருக்கிறது.

பழந்தமிழில் இதற்கு இன்னும் நுட்பமான இரண்டு சொற்கள் உண்டு. அம்பல், அலர். களவு, அதாவது ஊரறியாமல் நடக்கும் காதல், வெளிப்படுவது இந்த இரண்டாலும்தான் என்கிறது தொல்காப்பியம். உரைகாரர்கள் இரண்டையும் பிரித்துக் காட்டுகிறார்கள். அம்பல் மொட்டு மாதிரி; வாய் திறந்து சொல்லாமல், ஒரு பார்வை, ஒரு கனைப்பு, பாதியில் நிறுத்திய வாக்கியம். அலர் பூத்துவிட்டது, இன்னாருக்கும் இன்னாருக்கும் இன்னது என்று பெயர் சொல்லிப் பேசுவது. நடந்த விஷயம் இரண்டிலும் ஒன்றேதான். தெரிந்தவர்களின் எண்ணிக்கைகூட ஏறக்குறைய ஒன்றாகவே இருக்கலாம். மொட்டு நிலையில் எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும், ஆனால் உங்களுக்குத் தெரியும் என்பது எனக்குத் தெரியாததுபோல் நான் நடந்துகொள்ளலாம். பூத்துவிட்டால் அந்த வசதி போய்விடுகிறது.

அலரின் சத்தம் எவ்வளவு என்பதற்கு டெல்டாவையே அளவுகோலாகப் பிடித்த பாட்டு ஒன்று உண்டு. அகநானூற்றில் 246ஆவது, பரணர் பாடியது. கரிகாலன் வெண்ணி வாயிலில் பதினொரு வேளிரையும் வேந்தரையும் சாய்த்த நாளில் அழுந்தூரில் எழுந்த ஆரவாரத்தைவிட, தலைவன் இன்னொருத்தியோடு புனலாடியதால் எழுந்த அலர் பெரியது என்கிறது. வெண்ணி என்பது நீடாமங்கலம் பக்கத்துக் கோவில்வெண்ணி. அழுந்தூர் என்பது மயிலாடுதுறைப் பக்கத்துத் தேரழுந்தூர். பஸ்ஸில் நான் கடந்து போகிற ஊர்கள் இவை. ஒரு பெரும்போரின் வெற்றிச் சத்தத்தைவிட ஒருவன் ஆற்றில் யாரோடு குளித்தான் என்ற பேச்சு பெரிதாகக் கேட்டிருக்கிறது. போரில் செத்தவர்கள் கணக்கை வைத்துப் பார்த்தால் இது அநியாயம். ஆனால் அந்தப் பெண்ணின் காதில் எது பெரிதாகக் கேட்கும் என்று பரணருக்குத் தெரிந்திருக்கிறது.

பாரெட்டின் நூல் அம்பல். எட்டு வருஷம் மொட்டாகவே இருந்தது. எந்த அதிகாரியும் இதைப் படித்தேன் என்று எழுந்து நிற்கவேண்டிய கட்டாயம் வரவில்லை. விலையும் பெயரும் சேர்ந்து, வாங்கியவர் வாயாலேயே பத்திரிகையில் வந்தபோது பூத்துவிட்டது. இதில் சைமன் புதிதாக ஒன்றும் செய்துவிடவில்லை. கடத்தல் சரக்கு வாங்கியவர்கள் எத்தனையோ பேர். எல்லோரும் தெரிந்துகொண்டே தெரியாததுபோல் இருந்த ஒன்றை அவர் உரக்கச் சொல்லிவிட்டார்.

எங்கள் ஊர்ப் பொட்டு

இதை நான் புத்தகத்தில் படித்துப் புரிந்துகொள்ளவில்லை. எங்கள் ஊரில் நடந்ததை வைத்துத்தான் புரிந்துகொண்டேன். ஊர் பெயர் வேண்டாம். அரசலாற்றுப் பக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள். எனக்கு அப்போது பதினான்கு வயது.

எங்கள் அம்மனுக்கு ஒரு தாலிப்பொட்டு உண்டு, ஒரு பவுன். வருஷா வருஷம் திருவிழாவுக்குக் காப்புக் கட்டும் முன்னால் சரடு மாற்றுவார்கள். அந்த வருஷம் கொக்கி நெளிந்திருந்ததால் உள்ளூர்ப் பத்தரிடம் கொடுத்தார்கள். அவர் கையில் எடுத்துப் பார்த்தார். உரைகல்லில் ஓர் இழுப்பு இழுத்தார். அப்புறம் பூசாரியைத் தனியாகக் கூப்பிட்டு, “சாமி, இது கவரிங்” என்றார்.

பூசாரி கோயில் பெரியவர்களில் ஒருவரிடம் சொன்னார். அவர், “காப்புக் கட்டியாச்சு, திருவிழா முடியட்டும்” என்றார். மூன்று நாள் மதகுக்கட்டையில் ஆட்கள் வழக்கத்தைவிட நெருக்கமாக உட்கார்ந்து பேசினார்கள், யாராவது வந்தால் குறுவைக்குத் தண்ணி எப்ப வரும் என்று மாற்றினார்கள். நாலாம் நாள் டீக்கடையில் ஒருவர் பத்தர் பெயரைச் சொல்லி உரக்கக் கேட்டுவிட்டார். அன்று சாயங்காலமே கோயில் வாசலில் கூட்டம்.

அந்தக் கூட்டம் எனக்கு இன்னும் கண்ணுக்குள் இருக்கிறது. இரண்டு மணி நேரம் பேசினார்கள். அதில் முக்கால்வாசி நேரம், பொட்டை எடுத்தவர் யார் என்ற பேச்சே இல்லை. “இதை யார் வெளியில சொன்னது?” என்பதுதான் பேச்சு. பத்தரை நிற்க வைத்துக் கேட்டார்கள். அவர் துண்டைக் கையில் சுருட்டிப் பிடித்துக்கொண்டு, “கல்லுல தேச்சா தெரியுதுங்க, நான் என்னங்க பண்ணட்டும்” என்று திரும்பத் திரும்பச் சொன்னார். திருவிழா நேரத்தில் ஊர் மானத்தை வாங்கிவிட்டான் என்று ஒருவர் கத்தினார். மானத்தை வாங்கியவன் வேறு யாரோ. ஆனால் கோபத்துக்கு ஒரு முகம் வேண்டியிருந்தது, கண் முன்னால் நின்ற முகம் பத்தருடையது.

என் பெரியப்பா கோயில் கணக்குப் பார்த்தவர்களில் ஒருவர். அவர் எடுக்கவில்லை, இதை நான் சத்தியம் செய்தே சொல்வேன். ஆனால் பல வருஷம் கழித்து அவரே என்னிடம் சொன்னார்: அதற்கு இரண்டு வருஷம் முன்பே அலங்காரத்தின்போது பொட்டைக் கையில் எடுத்த அவருக்கே எடை குறைவாகப் பட்டிருக்கிறது. கேட்கவில்லை. “கேட்டா யாரையோ சந்தேகப்படுற மாதிரி ஆயிடும்ல.” அந்தக் கூட்டத்தில் பத்தரைப் பார்த்து மிகச் சத்தமாகக் கத்தியவர் அவர்தான்.

இதை எழுதும்போது அவரைக் காட்டிக் கொடுக்கிறேனோ என்று கை தயங்குகிறது. அவர் நல்ல மனிதர். அதனால்தான் எழுதுகிறேன். அதிர்ச்சி அடைகிறவர் வெறும் பார்வையாளர் இல்லை. தன் கையில் பட்ட எடைக்குறைவை உதறிவிட்டு வந்தவருக்குத்தான், அது வெளியே வரும்போது அடி பலமாக விழுகிறது. அந்த அடியை அவர் தன்மேல் வாங்கிக்கொள்ள முடியாமல் பக்கத்தில் நிற்பவர்மேல் இறக்குகிறார்.

எங்கள் அப்பாயி கூட்டத்துக்குப் போகவில்லை. திண்ணையில் உட்கார்ந்திருந்தாள். யார் எடுத்தது, யார் சொன்னது எதையும் கேட்கவில்லை. ராத்திரி சாப்பிடும்போது, “அப்ப இத்தன நாளு அந்தப் பொட்டத் தொட்டு கண்ணுல ஒத்திக்கிட்டேனே, அது என்னது?” என்றாள். யாரும் பதில் சொல்லவில்லை.

இடறல்

அப்பாயியின் கேள்வியும் பெரியப்பாவின் கத்தலும் ஒரே நாளில் ஒரே காரணத்தால் வந்தவை. ஆனால் இரண்டும் ஒரே ஜாதி அதிர்ச்சி இல்லை. இதைப் பிரித்துப் பார்க்க எனக்கு உதவியது, எதிர்பாராத ஒரு திசையிலிருந்து வந்த சொல்.

ஸ்கேண்டல் என்பதன் மூலம் கிரேக்கத்தில் ஸ்காண்டலான். கண்ணிப்பொறியில் இரை மாட்டி வைக்கும் குச்சிக்கு அந்தப் பெயர். தொட்டதும் பொறி மூடும். அதிலிருந்து காலைத் தடுக்கும் கல் என்ற பொருள் வந்தது. தமிழ் வேதாகமம் இதற்கு இடறல் என்ற அழகான சொல்லை வைத்திருக்கிறது: இடறல்கள் வருவது அவசியம், ஆனாலும் எந்த மனுஷனால் இடறல் வருகிறதோ அவனுக்கு ஐயோ. புதிய ஏற்பாட்டை முதன்முதலில் தமிழில் அச்சடித்த இடமும் இந்த டெல்டாவின் விளிம்புதான். 1706இல் தரங்கம்பாடியில் வந்து இறங்கிய ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்கு, பத்து வருஷத்துக்குள் அதை அச்சேற்றிவிட்டார். இடறல் என்ற சொல்லில் ஊர்ப்பேச்சே கிடையாது. ஒருவன் செய்கை இன்னொருவனை விழ வைப்பதுதான் அதன் பொருள். யாருக்குமே தெரியாமல் போனாலும், அதைப் பார்த்து ஒரே ஒருவன் கெட்டால்கூட அது இடறல்தான்.

13ஆம் நூற்றாண்டு இறையியலாளர் தோமா அக்குவினா இதை இன்னும் நறுக்காகப் பிரித்தார். இடறலைக் கொடுப்பவர் ஒருவர், இடறிக்கொள்பவர் இன்னொருவர். இடறிக்கொள்வதிலும் இரண்டு வகை. தெரியாமையாலும் பலவீனத்தாலும் உண்மையிலேயே தடுமாறிப்போகும் எளியவர்களின் இடறல் ஒன்று. தன் உள்ளே இருக்கும் கெடுதலால், நல்லதைப் பார்த்தும் அதிர்ந்துகொள்ளும் பரிசேயரின், அதாவது வேதாகமத்தில் இயேசுவிடம் குற்றம் கண்ட யூத மதவாதிகளின், இடறல் இன்னொன்று.

அப்பாயியுடையது முதல் வகை. பத்தர்மேல் பாய்ந்த ஊருடையது, என்னால் முழு மனதோடு சொல்ல முடியவில்லை, ஆனால் இரண்டாவதற்குக் கிட்டத்தில் வருகிறது. உண்மையைச் சொன்னவன் செய்த காரியம் தப்பாகப் பட்டது.

சிவபுரத்து ஜனங்களுக்குத் திரும்புகிறேன். இத்தனை வருஷம் அவர்கள் கும்பிட்டது என்ன என்ற கேள்வி வெறும் உணர்ச்சிக் கேள்வி இல்லை. ஆகம முறையில் உலோகம் மட்டும் சாமி ஆகிவிடாது. கண் திறந்து, ஆவாகனம் செய்து, குடமுழுக்கு ஆனபிறகுதான் அது மூர்த்தி. பழைய திருமேனி பின்னமாகிவிட்டால் புதிது செய்து, முறைப்படி பிரதிஷ்டை செய்துகொள்ளலாம். ஆக, புதிய நடராஜர் என்பதில் குற்றம் இல்லை. சிவபுரத்தில் நடந்தது வேறு. புதியது பழையதன் பெயரில் பேசாமல் வந்து உட்கார்ந்தது. இது இன்றைக்கு வந்தவர் என்று தெரியாததால், இன்றைக்கு வந்தவருக்குச் செய்ய வேண்டியதைச் செய்யும் வாய்ப்பையே ஊருக்குக் கொடுக்கவில்லை. அவர்கள் ஏமாந்தது ஒரு சிலையில் இல்லை, தங்கள் கடமையில். எனக்குத் தெரிந்த வயதான குருக்கள் ஒருவரிடம் இதைக் கேட்டேன். “பக்தி போய்ச் சேர்ந்திருக்கும், அதுல சந்தேகம் வேண்டாம்” என்றார். கொஞ்ச நேரம் சும்மா இருந்துவிட்டு, “ஆனா கேட்டப்புறம் கை நடுங்கும்” என்றார்.

அப்புறம் ஸ்தபதி. சுவாமிமலைப் பக்கத்தில் சிலை வார்ப்பதைப் பார்த்தவர்களுக்கு இது புரியும். மெழுகில் உரு செய்து, அதன்மேல் காவிரி வண்டலைப் பூசி, காய்ந்ததும் சூடு காட்டி மெழுகை வடித்து, உள்ளே உலோகத்தை ஊற்றுவார்கள். ஆறியதும் மண்ணை உடைத்துத்தான் உருவை எடுக்க வேண்டும். ஓர் அச்சில் ஓர் உருதான். ஆகவே நகல் என்பது இங்கே கண நேரத் தப்பில்லை. அசலை எதிரில் வைத்து, விரல் விரலாக, சடை சடையாக, நாள் கணக்கில் பார்த்துச் செய்யவேண்டியது. சாமியைச் செய்யத் தெரிந்த கைக்குத்தான் சாமியை மாற்றவும் முடியும். டாக்டர், வாத்தியார், குருக்கள், நீதிபதி தவறு செய்தால் நாம் அதிகமாக அதிர்வதற்கும் இதுதான் காரணம். வழிப்பறிக்காரனிடம் நாம் எதையும் ஒப்படைத்து வைத்திருக்கவில்லை.

ஆனால் இதே மரியாதைக்கு இன்னொரு முகம் உண்டு, அதைச் சொல்லாமல் போனால் டெல்டாவைப் பற்றிப் பேசியவனாக மாட்டேன். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில், கூலி உயர்வு கேட்டதை ஒட்டிய மோதலில், ஒரு குடிசைக்குள் ஒதுங்கியிருந்த 44 தலித்துகள் எரித்துக் கொல்லப்பட்டார்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். கீழ்க்கோர்ட்டு மிராசுதார்களுக்குத் தண்டனை கொடுத்தது. உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. நிலபுலன் உள்ள பணக்காரர்கள், அதில் ஒருவர் கார்கூட வைத்திருப்பவர், தாங்களே நடந்து போய்க் குடிசைக்குத் தீ வைத்திருப்பார்கள் என்று நம்புவது கடினம் என்று அந்தத் தீர்ப்பில் எழுதியிருந்தது. மதிப்பானவர் தவறு செய்தால் அதிர்கிறோம். அதே மதிப்பு முற்றிப்போனால், அவர் செய்திருப்பார் என்று நம்பவே மறுக்கிறோம். எங்கள் ஊரில் கோயில் பெரியவர்களைக் கேட்காமல் பத்தரைக் கேட்டதும் இந்தக் கணக்கில்தான் வருகிறது. இரண்டையும் நான் ஒப்பிடவில்லை, ஒரு பவுன் எங்கே, 44 உயிர் எங்கே. அதிர்ச்சி எந்தப் பக்கம் பாயும் என்பதை வரப்புகள்தான் தீர்மானிக்கின்றன என்று மட்டும் சொல்கிறேன்.

அடுத்து இடறியவர்கள்

சிவபுரம் விவகாரம் சந்திக்கு வந்த மூன்று வருஷத்தில், 1976இல், திருவாரூர்ப் பக்கம் பத்தூரில் குடிசைக்கு அருகே தோண்டிய கூலித் தொழிலாளி ஒருவருக்கு ஒரு நடராஜரும் வேறு உருவங்களும் கிடைத்தன. அவர் அதை விற்றார். அது லண்டனுக்குப் போனது, ஒரு கனடா நிறுவனம் வாங்கியது, சுத்தம் செய்யக் கொடுத்த இடத்தில் போலீஸ் கைப்பற்றியது. வழக்கில் பத்தூர் கோயிலும் உரிமை கோரியது. இந்து சட்டத்தில் சாமி சொத்து வைத்துக்கொள்ளக்கூடிய நபர், ஆகவே வழக்கும் போடலாம் என்ற வாதத்தை இங்கிலாந்து நீதிமன்றம் காது கொடுத்துக் கேட்டது. 1988இல் தீர்ப்பு சாதகமாக வந்தது, கனடா நிறுவனத்தின் மேல்முறையீடும் தோற்று, 1991இல் நடராஜர் திரும்பினார்.

இந்த வழக்கில் என்னைத் தொடுவது இதுதான்: இடிந்து, பூசை இல்லாமல் கிடந்த ஒரு கோயில், தனக்கு நேர்ந்தது அநியாயம் என்று தேம்ஸ் கரையில் போய்ச் சொன்னது. ஊர் அதிர்ந்ததா, பத்திரிகை எழுதியதா என்பதெல்லாம் அங்கே பேச்சே இல்லை. யாருக்குச் சொந்தமானதோ அவர் கேட்டார்.

ஆனால் கண்ணிகள் அப்படியேதான் இருந்தன. 1983இல் தமிழகக் காவல்துறை சிலைத் திருட்டுத் தடுப்புக்கென்று தனிப் பிரிவு தொடங்கியது. கொள்ளிடத்துக்கு வடக்கே, அரியலூர் மாவட்டத்து ஸ்ரீபுரந்தானில், கூட்டம் வராத, பெரும்பாலும் பூட்டியே கிடந்த கோயிலில் அதற்குப் பிறகும் திருட்டு நடந்தது. பத்திரமாக வேறிடத்துக்குக் கொண்டுபோக அதிகாரிகள் 2008இல் வந்து கதவைத் திறந்தபோதுதான், சாமிகள் ஏற்கெனவே போய்விட்டது ஊருக்குத் தெரிந்தது. அங்கிருந்த நடராஜரை ஆஸ்திரேலிய தேசியக் கலைக்கூடம் 50 லட்சம் டாலர் கொடுத்து வாங்கியிருந்தது. விற்ற நியூயார்க் கலைப்பொருள் வியாபாரி சுபாஷ் கபூர் 2011இல் ஜெர்மனியில் கைதானார், 2022இல் வேறொரு கோயில் திருட்டு வழக்கில் கும்பகோணம் நீதிமன்றம் அவருக்குப் பத்து வருஷம் தண்டனை கொடுத்தது. ஸ்ரீபுரந்தான் நடராஜர் 2014இல் திரும்பினார். இவர்தான் அவர் என்று காட்ட உதவியது, புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் முன்பே எடுத்து வைத்திருந்த புகைப்படம். கடவுளுக்கு ஓர் அடையாள அட்டைபோல அந்தப் படம் இருந்திருக்கிறது.

இடறல் என்ற சொல் இங்கேதான் எனக்கு முழுதாக விளங்கியது. 1973இன் கூச்சலில் எல்லோரும் சைமனைப் பார்த்தோம், டாலரைப் பார்த்தோம். ஒரு சாமியை எடுத்தால் இருபது வருஷம் யாரும் கவனிக்க மாட்டார்கள், கவனித்தாலும் வாய் திறக்க மாட்டார்கள் என்ற பாடத்தை அந்த இருபது வருஷம் பலருக்குக் கற்றுக் கொடுத்துக்கொண்டிருந்தது. அலர் எழுந்து அடங்கியது, இடறல் தங்கிவிட்டது. இது என் கணிப்பு, ஆனால் நான் இதை நம்புகிறேன்.

தங்கியது இன்னொன்றும் உண்டு. திருவாரூர் தியாகராசர் கோயிலில் உள்ள திருமேனிப் பாதுகாப்பு மையத்தில் டெல்டாக் கிராமங்களின் செப்புத் திருமேனிகள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன. பத்திரம்தான். ஊர் உற்சவத்துக்குக் கையெழுத்துப் போட்டு வாங்கி வந்து, முடிந்ததும் கொண்டுபோய் விடுகிறார்கள். எங்கள் பக்கத்து ஊர்ப் பெருமாள் அப்படித்தான் வருகிறார். வேனிலிருந்து அவரை இறக்கும்போது அந்த ஊர்ப் பெண்கள், ரொம்ப நாள் கழித்து ஊருக்கு வந்த மாமாவைப் பார்க்கிற மாதிரி பார்ப்பார்கள். கிளம்பும் அன்று வீட்டுக்கு வீடு விளக்கேற்றி வைத்துவிட்டு யாரும் அதிகம் பேச மாட்டார்கள்.

எங்கள் அம்மனுக்கு மறு வருஷம் புதுப் பொட்டு வந்தது. வீட்டுக்கு இவ்வளவு என்று வரி போட்டு வசூலித்தார்கள். கோயில் படியில் தராசை வைத்து, எல்லோரும் பார்க்க எட்டு கிராம் நிறுத்துக் காட்டினார்கள். ஒவ்வொருவரும் எட்டிப் பார்த்தார்கள், அப்பாயியும் பார்த்தாள். பெரியப்பா நோட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டார். பழையதை எடுத்தவர் யார் என்பது கடைசிவரை தெரியவில்லை.

புதுப் பொட்டைச் செய்தவர் கும்பகோணத்துப் பத்தர். எங்கள் ஊர்ப் பத்தரை அதற்கப்புறம் கோயில் வேலைக்கு யாரும் கூப்பிடவில்லை. நிறுத்துக் காட்டிய அன்று அவரும் வந்திருந்தார். கூட்டத்துக்குப் பின்னால், புங்கமரத்தடியில் நின்றுகொண்டிருந்தார். உரைகல்லில் தேய்த்துப் பார்க்கட்டுமா என்று யாராவது கேட்பார்கள் என்று நினைத்தாரோ என்னவோ, சட்டைப் பையில் கல் இருந்தது. பை கனத்துத் தொங்கியதை நான் பார்த்தேன்.